உஸுமாசா முதல் கசுமி வரை: வெட்டுப்பட்டு விழுந்தே வாழ்ந்த ஒரு நடிகரின் ஊர்களில்

நவம்பர் 14, 2023, செவ்வாய் – உஸுமாசா, கியோட்டோ

கியோட்டோவின் மேற்கே போகும் ராண்டென் டிராம் ரொம்பச் சின்னது. எங்கே ஏறி எங்கே இறங்கினாலும் 250 யென், நம் கணக்கில் 140 ரூபாய்க்குள் அடங்கும். சில இடங்களில் வீட்டுக் கொல்லை வேலியை ஒட்டிப் போகிறது, சில இடங்களில் தார்ச்சாலையில் இறங்கிக் கார்களுக்கு நடுவே போகிறது. உஸுமாசா கோர்யூஜி நிறுத்தத்தில் இறங்கும்போது மாலை ஐந்து மணி. அதற்குள் இருட்டத் தொடங்கிவிட்டது. காற்றில் ஈரம் இருந்தது, கழுத்துத் துணி இல்லாமல் நிற்க முடியவில்லை.

நான் இங்கே வந்தது ஃபுகுமோட்டோ செய்ஸோ என்ற துணை நடிகருக்காக. 1958இல், 15 வயதில், இந்தப் பேட்டையில் இருக்கும் டோயே ஸ்டுடியோவில் சேர்ந்தார். சாமுராய்ப் படங்களில் கதாநாயகன் வாளைச் சுழற்றும்போது சுற்றி நின்று ஒவ்வொருவராக வெட்டுப்பட்டு விழுகிறார்களே, அந்தக் கூட்டத்தில் ஒருவர். அதுதான் அவருடைய வேலை, வாழ்நாள் முழுக்க. ஜப்பானில் அவரை ‘50,000 முறை வெட்டுப்பட்டவர்’ என்று சொல்வார்கள். யாரும் உட்கார்ந்து எண்ணியிருக்க முடியாதுதான். ஆனால் ஒரே படத்தில் ஒருமுறை செத்து, உடை மாற்றிக்கொண்டு வந்து மறுபடி சாகிற வேலையில் அரை நூற்றாண்டு இருந்தவருக்கு அந்தப் பட்டம் பொருந்தும்.

நம்மில் பலர் அவரைப் பார்த்திருக்கிறோம். 2003இல் வந்த ‘தி லாஸ்ட் சாமுராய்’ படத்தில், சிறைப்பட்ட டாம் குரூஸ் எங்கே போனாலும் நாலு அடி பின்னால் ஒரு வயதான சாமுராய் பேசாமல் நடந்து வருவாரே, அவர்தான். பெயர் கேட்டும் சொல்லாததால், ஆல்கிரென் என்ற டாம் குரூஸின் பாத்திரம் அவருக்குத் தானாகவே ‘பாப்’ என்று பெயர் வைக்கும். கடைசியில் பாய்ந்து வந்து குண்டைத் தான் வாங்கிக்கொள்ளும்போதுதான் அவர் வாயிலிருந்து வார்த்தை வரும்: ‘ஆல்கிரென்-சான்!’ முதல்முறை பார்த்தபோதே அந்த முகம் எனக்குள் தங்கிவிட்டது. ஒட்டிய கன்னம், குழிந்த கண், அசையாத வாய். யார் இவர் என்று தேடப் போய்த்தான் இவ்வளவு தூரம் வந்திருக்கிறேன். அவர் இப்போது இல்லை. 2021 ஜனவரி 1 அன்று, 77 வயதில் நுரையீரல் புற்றுநோயால் இறந்தார்.

டிராம் பாதைக்குத் தெற்கே டைஎய் தெரு என்று ஒரு கடைவீதி. டைஎய் என்பது ஒரு சினிமா கம்பெனி. 1971இல் திவாலானது, பின்னால் ஸ்டுடியோவும் போய்விட்டது, தெருவுக்குப் பெயர் மட்டும் நிலைத்திருக்கிறது. வெனிஸில் தங்கச் சிங்கம் வாங்கி ஜப்பான் சினிமாவை உலகம் திரும்பிப் பார்க்க வைத்த ‘ராஷோமோன்’ அந்த ஸ்டுடியோவில் எடுத்ததுதான். இப்போது அந்தப் பக்கம் குடியிருப்புகளும் ஒரு பள்ளிக்கூடமும். ஆனால் வீதியில் ஒரு மளிகைக் கடை வாசலில் டைமாஜின் என்ற பழைய படத்தின் ராட்சதக் கல்வீரன் ஆளுயரத்துக்கு மூன்று மடங்காக நிற்கிறான். அவன் காலடியில் சைக்கிளை நிறுத்திவிட்டு ஒரு அம்மா முள்ளங்கி வாங்கப் போனார்.

இரவுச் சாப்பாடு பக்கத்துச் சந்தில் ஆறு நாற்காலி போட்ட ஒரு கடையில். கியோட்டோக்காரர்களின் தானுகி உடோன்: தடித்த நூடுல்ஸ், பொரித்த டோஃபுவைக் கீற்றுக்கீற்றாக நறுக்கிப் போட்டு, கெட்டியான கஞ்சிப் பதத்தில் சாறு, மேலே ஒரு குவியல் துருவிய இஞ்சி. 750 யென். கெட்டிச் சாறு கடைசி வாய் வரைக்கும் சூடு ஆறவில்லை. குளிருக்கு இதைவிட நல்ல சாப்பாடு இந்தப் பயணத்தில் கிடைக்கும் என்று தோன்றவில்லை.

கடைக்கார அம்மாவுக்கு எழுபது இருக்கும். என் அரைகுறை ஜப்பானியத்தில் ஃபுகுமோட்டோ பெயரைச் சொன்னதும் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். “எந்த நாடு?” என்றார். இந்தியா என்றேன். “ஃபுகுமோட்டோ-சானுக்காகவா?” என்று மறுபடி கேட்டார். ஆமாம் என்றதும் ஒரு தட்டில் ஊறுகாய் முள்ளங்கி கொண்டுவந்து வைத்தார், பில்லில் அது வரவில்லை. இந்தத் தெருவில் முன்பெல்லாம் மேக்கப்பைக் கலைக்காமல் கொண்டையோடு வந்து சாப்பிட்டுவிட்டுப் போவார்கள் என்றார். பெரிய நட்சத்திரங்கள் காரில் போய்விடுவார்களாம். கடைக்கு வந்ததெல்லாம் வெட்டுப்படுகிறவர்கள்தான்.

நவம்பர் 15, புதன் – டோயே சினிமா கிராமம்

காலையில் கோர்யூஜி கோயிலுக்குள் போனேன். செம்பைன் மரத்தில் செதுக்கிய மைத்ரேய புத்தர், ஒரு காலை மடித்துக் கன்னத்தருகே விரல் வைத்து உட்கார்ந்திருக்கிறார். அரை இருட்டு. செருப்பில்லாத காலில் தரையின் குளிர் ஏறியது. பத்து நிமிடம் உட்கார்ந்திருந்தேன், அந்த நேரம் முழுக்க ஒருவரும் பேசவில்லை.

அங்கிருந்து ஐந்து நிமிட நடையில் எய்காமுரா, அதாவது சினிமா கிராமம். டோயே 1975இல் தன் ஸ்டுடியோவின் ஒரு பகுதியைப் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டது. சாமுராய்ப் படங்களைப் பார்க்கிறவர்கள் குறைந்துபோன காலம் அது. காலியாகக் கிடந்த செட்டுகளைக் காட்டிக் காசு சம்பாதித்து ஸ்டுடியோவை நடத்தலாம் என்ற யோசனை பலித்தது. இன்று நுழைவுச் சீட்டு 2000 யென்னைத் தாண்டும். விலை அதிகம்தான், ஆனாலும் நான் ஒருநாள் முழுக்க உள்ளேயே இருந்தேன்.

பள்ளிச் சுற்றுலாப் பிள்ளைகள் வாடகைக் கிமோனோவில் ஓடிக்கொண்டிருந்தார்கள். எடோ காலத் தெரு, மரப் பாலம், நீதிமன்ற முற்றம், கிடங்குச் சுவர் எல்லாம் இருக்கின்றன. கூரைகளுக்குப் பின்னால், எவாங்கேலியன் என்ற அனிமே தொடரில் வரும் 15 மீட்டர் உயர ரோபோ ஒன்று மார்பு வரை எழுந்து நின்றது. பிள்ளைகள் கூட்டம் அங்கேதான். செட்டுத் தெருக்களில் எனக்கு நிறைய இடம் கிடைத்தது.

பதினொன்றரை மணிக்குத் திறந்தவெளியில் வாள்சண்டை காட்டினார்கள். நாலு பேர் ஒருவரைச் சூழ்கிறார்கள். நான் வேண்டுமென்றே கதாநாயகனைப் பார்க்காமல் மற்ற நால்வரை மட்டும் பார்த்தேன். இதை நீங்களும் ஒருமுறை செய்து பாருங்கள், சண்டைக் காட்சி அப்படியே வேறொன்றாகத் தெரியும்.

நாயகன் உண்மையில் செய்வது குறைவு. வாள் மூங்கிலில் வெள்ளித் தகடு ஒட்டியது, அல்லது லேசான உலோகம். அது யார் மேலும் படுவதில்லை. அது படாத இடத்தில் பட்டதாக நம்மை நம்பவைப்பது எதிராளியின் உடம்பு. அவன் கையை உயர்த்தி விலாவைத் திறந்துகொண்டு வர வேண்டும். வாள் கடக்கிற நொடியில், முந்தாமல் பிந்தாமல், உடம்பு துடிக்க வேண்டும். பிறகு அடுத்த ஆள் ஓடிவருகிற வழியை மறிக்காமல், கேமராவின் கண்ணையும் மறைக்காமல், தரையில் எங்கே கல் இருக்கிறது என்று குனிந்து பார்க்காமல் விழ வேண்டும். காத்திருக்கிற மற்றவர்களும் சும்மா நிற்பதில்லை. ஒருவன் அரை அடி முன்னே வருகிறான், இன்னொருவன் மூச்சை இழுக்கிறான், நாயகன் திரும்பினால் எல்லோரும் ஒன்றாகப் பின்வாங்குகிறார்கள். நாயகனைப் பற்றிய பயம் முழுவதையும் உண்டாக்குவது இவர்கள்தான். இவர்கள் பயப்படாவிட்டால் அவர் வெறுமனே குச்சி சுழற்றும் மனிதர்.

அந்த நால்வரில் நரைத்த தலை ஒருவர் கடைசியாக வெட்டுப்பட்டார். முன்னால் சாயவில்லை. முதுகு வில்லாகப் பின்னால் வளைந்தது, முகம் வானத்தைப் பார்த்தது, ஒரு நொடி அப்படியே நின்று பிறகு சரிந்தார். கைதட்டும்போது எனக்குத் தொண்டை அடைத்தது. அந்த வளைவு ஃபுகுமோட்டோவின் அடையாளம். ஜப்பானியர்கள் அதை இறால் வளைவு என்பார்கள். குப்புற விழுந்தால் கேமராவுக்கு முதுகுதான் தெரியும். பின்னால் வளைந்தால் சாகிறவனின் முகம் கடைசியாக ஒருமுறை திரையில் வரும். வசனம் இல்லை, பெயர் இல்லை, சுவரொட்டியில் படம் இல்லை. கையிலிருப்பது மூன்று நொடி. அந்த மூன்று நொடிக்குள் பார்ப்பவரின் நினைவில் நிற்க அவர் கண்டுபிடித்த வழி இது. எழுபது வயதிலும் இதைச் செய்தார்.

அவர் இங்கே சேர்ந்த 1958ஆம் ஆண்டில்தான் ஜப்பான் சினிமா வரலாற்றிலேயே அதிகமான டிக்கெட் விற்றது, 112 கோடிக்கும் மேல். அப்போது அந்த நாட்டின் மக்கள்தொகை பத்துக் கோடியைக்கூடத் தொடவில்லை. டோயேயில் கடாவோக்கா சியேஸோ, இச்சிகாவா உத்தாயெமோன், நாகாமுரா கின்னோசுகே என்று பெரிய நட்சத்திரங்கள் இருந்த காலம். அவர்களுக்குத் தனித்தனி அறை. ஃபுகுமோட்டோ போன்றவர்கள் நூற்றுக்கணக்கில் ஒரே பெரிய அறையில் உடை மாற்றுவார்கள். ‘பெரிய அறை நடிகர்’ என்பதே அவர்களுடைய பதவிப் பெயர். சம்பளம் குறைவு, காயம் அதிகம். பிணமாக ஆற்றில் மிதப்பதும் அவர்கள்தான், நாயகனுக்குப் பதிலாகக் கூரையிலிருந்து குதிப்பதும் அவர்கள்தான்.

அடுத்த பத்தாண்டுக்குள் டிவி வீடுவீடாகப் பரவி எல்லாம் மாறியது. டோயே யாகுசா ரவுடிப் படங்களுக்குத் தாவியது. வாளால் செத்தவர்கள் துப்பாக்கியால் சாகத் தொடங்கினார்கள். அந்த அலையில் அதே பெரிய அறையிலிருந்து கவாதானி தாகுஸோ என்ற நடிகர் மேலே வந்து பெயர் சொன்னால் தெரிகிற ஆளானார். 1973இல் வந்த ரவுடிப் பட வரிசை ஒன்றில் அவர் அடிவாங்கிய விதத்தை ரசிகர்கள் இன்றும் பேசுகிறார்கள். ஃபுகுமோட்டோவுக்கு அப்படி ஒரு படம் அப்போது அமையவில்லை. டிவியில் சாமுராய்த் தொடர்கள் வந்தபோது அவர் அங்கே போனார். ‘மிதோ கோமோன்’, ‘அபாரென்போ ஷோகுன்’ என்று வாரம் தவறாமல் வந்த தொடர்களில் வாரம் தவறாமல் அடிபட்டு விழுந்தார். எனக்குத் தெரிந்த மூத்த ஜப்பானியர்கள் எல்லோருக்கும் அந்த முகம் தெரியும்.

மதியம் உள்ளேயே சாப்பிட்டது ஏமாற்றம். 1200 யென்னுக்கு ஆறிப்போன கறிச்சோறு. டீ மட்டும் சூடாக இருந்தது. மூன்று மணிச் சண்டையைப் பார்க்க மறுபடி போய் உட்கார்ந்தேன். அந்த நரைத்த தலைக்காரர் இந்த முறையும் பின்னால் வளைந்தார், ஆனால் வேறு பக்கமாக. வெயில் மாறியிருந்தது, கூட்டம் இடதுபுறம் அதிகம் இருந்தது. முகத்தை அந்தப் பக்கம் திருப்பிச் செத்தார்.

நவம்பர் 16, வியாழன் – குருமாசாகி, ஓசாவா குளம்

டிராமில் சில நிறுத்தம் மேற்கே போனால் குருமாசாகி ஷின்தோ கோயில். நடைமேடையிலிருந்து இறங்கிய உடனே கோயில் வாசல். உள்ளே கலைஞர்களுக்கென்றே 1957இல் கட்டிய ஒரு சின்னச் சன்னதி இருக்கிறது. சுற்றிலும் வேலி வேலியாகச் சிவப்புப் பலகைகள், ஒவ்வொன்றிலும் கறுப்பு மையில் ஒரு பெயர். நடிகர், பாடகர், நடனக்காரர், கதைசொல்லி என்று ஆயிரக்கணக்கில். காணிக்கை கட்டினால் பெயர் எழுதி மாட்டுவார்கள். டிவியில் தினமும் வருகிற முகங்களின் பெயருக்குப் பக்கத்திலேயே யாருக்கும் தெரியாத பெயர்கள். எல்லாப் பலகைக்கும் ஒரே அளவு, ஒரே எழுத்து. எனக்கு இந்த இடம் மிகவும் பிடித்தது. இருபது வயதுகூட ஆகாத ஒரு பெண் தன் பெயர்ப் பலகைக்கு முன்னால் நின்று இருமுறை குனிந்து, இருமுறை கைதட்டி, மறுபடி குனிந்தாள். பிறகு அம்மாவுக்கு வீடியோ கால் போட்டுப் பலகையைக் காட்டினாள்.

பதினொரு மணிக்கு மழை பிடித்தது. கடையில் பிளாஸ்டிக் குடை 700 யென். அராஷியாமா பக்கம் போனால் மூங்கில் தோப்பில் நகர முடியாத கூட்டம் என்று தெரியும். அதனால் டைகாகுஜி கோயிலுக்குப் போனேன். அதன் கிழக்கே ஓசாவா குளம். 1,200 ஆண்டுகளுக்கு முன் ஒரு சக்கரவர்த்தியின் அரண்மனைக்காக வெட்டியது. சாமுராய்ப் படம் எடுப்பவர்கள் ஸ்டுடியோவிலிருந்து சீக்கிரம் வந்துபோகக்கூடிய தூரம், எந்தப் பக்கம் கேமரா வைத்தாலும் மின்கம்பம் தெரியாது. ஆகவே எத்தனையோ தொடர்களில் கரையோரச் சண்டை இங்கேதான் நடந்திருக்கிறது. அந்த மண்பாதையில் நான் நடந்தபோது பைன் வேர்கள் புடைத்துக்கொண்டிருந்தன, மழையில் வழுக்கியது. இதன் மேல் மல்லாக்க விழுந்து, ‘இன்னொரு டேக்’ என்றால் எழுந்து சேற்றைத் தட்டிவிட்டு மறுபடி விழுந்திருப்பார்கள்.

குளத்தங்கரையில் ஒரு வயதான தம்பதி குடைக்குள் நின்று வாத்துக்களை எண்ணிக்கொண்டிருந்தார்கள். நான் கூகுள் மேப்பைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பதைக் கண்டு அவராகவே வந்து பேருந்து நிறுத்தம் வரை கூட நடந்தார். மழையில் அவ்வளவு தூரம் அவர் வந்திருக்க வேண்டியதில்லை. பேருந்து வந்து நான் ஏறி உட்காரும் வரை குனிந்தபடியே நின்றார்.

‘மிதோ கோமோன்’ 1969இல் தொடங்கி 2011 டிசம்பரில் முடிந்தது. திங்கட்கிழமை இரவு எட்டு மணி என்றால் அதுதான் என்று இருந்தது போய்விட்டது. வெட்டுப்படுகிறவர்களுக்கு வாராவாரம் வேலை தந்த கடைசித் தொடர்களில் அது ஒன்று. அது நின்றபிறகு இந்தப் பேட்டையில் என்ன ஆனது என்பதையே கதையாக்கி ‘உஸுமாசா லைம்லைட்’ என்று 2014இல் ஒரு படம் வந்தது. வேலை குறைந்துபோன ஒரு வயதான வெட்டுப்படும் நடிகர், வாள்வித்தை கற்க வந்த ஓர் இளம் பெண்ணுக்குக் குருவாகிறார். அந்த வேடத்தில் ஃபுகுமோட்டோ. சினிமாவுக்கு வந்து ஐம்பத்தைந்து ஆண்டுக்குப் பிறகு முதல்முறையாகக் கதாநாயகன். கனடாவின் மான்ட்ரியாலில் நடக்கும் ஃபாண்டேசியா விழாவில் சிறந்த நடிகர் விருது அவருக்கே கிடைத்தது.

அந்தப் படத்தை ஓட்டல் அறையில் மறுபடி பார்த்தேன். ஈரச் சட்டை ஹீட்டரில் காய்ந்துகொண்டிருந்தது. அவர் அதிகம் பேசுவதில்லை, நட்சத்திரம்போல் நிற்கவும் இல்லை. வயலில் தனியாக மரவாளோடு பயிற்சி செய்யும்போது ஒரு கணம் தோள்கள் தளர்ந்து பிறகு நிமிரும். பெரிய நடிகர்கள் இதை நடித்துக் காட்டுவார்கள். இவருக்கு அது உடம்பில் இருந்தது. விருது தாமதமாக வந்தது என்று சிலர் வருத்தப்படுகிறார்கள். எனக்கு அந்த வருத்தம் இல்லை. இந்த வேடம் நாற்பது வயதில் வந்திருந்தால் அதைச் செய்ய அவரிடம் இவ்வளவு சாவுகள் சேர்ந்திருக்காது.

நவம்பர் 17, வெள்ளி – கசுமி போகும் வழி

ஃபுகுமோட்டோ பிறந்தது 1943 பிப்ரவரியில், ஹியோகோ மாநிலத்தின் வட கோடியில், ஜப்பான் கடலோரம் இருக்கும் கசுமி என்ற மீன்பிடி ஊரில். கியோட்டோவிலிருந்து விரைவு ரயிலில் கினோசாகி வெந்நீரூற்று ஊர் வரை இரண்டரை மணி நேரம், அப்புறம் உள்ளூர் ரயில்.

மலைகளுக்குள் நுழைந்ததும் மழை கனத்தது. ஒரு சிற்றூரைத் தாண்டியதும் சடாரென்று பிரேக். மான் குறுக்கே வந்துவிட்டது என்று அறிவித்தார்கள். இந்தப் பாதையில் இது அடிக்கடி நடப்பதாம், ஆனாலும் பெட்டியில் இருந்த எல்லோரும் அமைதியாகிவிட்டார்கள். ஒரு மணி நேரத்துக்கும் மேல் நின்றது. எதிர் இருக்கைப் பாட்டி பையைத் திறந்து ஒரு மாண்டரின் ஆரஞ்சை எடுத்து என்னிடம் நீட்டினார். உரித்துத் தின்று முடித்ததும் தோலைப் போட ஒரு காகிதப் பையையும் நீட்டினார். இறங்கும்போது, “இந்தப் பக்கம் மதியச் சோற்றை மறந்தாலும் குடையை மறக்காதே” என்றார். இங்கே வழங்கும் பழமொழி அது.

கினோசாகி போனபோது உள்ளூர் ரயில் போய்விட்டது. அடுத்தது ஒன்றரை மணி நேரம் கழித்து. நிலையத்துக்கு வெளியே இலவசமாகக் கால் நனைக்கும் வெந்நீர்த் தொட்டி இருக்கிறது. பருத்திக் கிமோனோவும் மரச்செருப்புமாக நடக்கும் கூட்டத்தைப் பார்த்துக்கொண்டே முழங்கால் வரை வெந்நீரில் விட்டு உட்கார்ந்திருந்தேன். முதுகில் மழைச்சாரல், காலில் வெந்நீர். எரிச்சல் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்தது.

கசுமியில் நான் தங்கியது ஒரு குடும்பம் நடத்தும் விடுதி. இரண்டு வேளைச் சாப்பாட்டோடு 15,000 யென். இரவுச் சாப்பாடு ஆறு மணிக்கு என்று சொல்லியிருந்தார்கள். நான் போய்ச் சேர்ந்தது ஏழேகாலுக்கு. போனில் சொல்லியிருந்தும் தயக்கத்தோடுதான் கதவைத் தட்டினேன். விடுதிக்கார அம்மா முதலில் துண்டைத்தான் நீட்டினார். பிறகு நண்டு வந்தது. நவம்பர் தொடங்கியதும் வரும் மாட்சுபா நண்டு விலை எட்டாத உயரம். எனக்கு வந்தது காசு குறைந்த சிவப்பு வகை. ஆழ்கடலில் கூடு இறக்கிப் பிடிப்பது, ஊர்ப் பெயரால் கசுமி நண்டு என்றே விற்கிறார்கள். அவித்தது ஒன்று, சட்டியில் முட்டைக்கோஸோடு கொதித்தது பாதி, கடைசியில் அந்தச் சாற்றிலேயே சோறு போட்டு முட்டை ஊற்றிக் கிளறியது. இனிப்பான கறி. ஓட்டை உடைக்கத் தெரியாமல் நான் திணறுவதைப் பார்த்து அந்த அம்மா பக்கத்தில் மண்டியிட்டு உட்கார்ந்து கத்தரிக்கோலால் ஒவ்வொரு காலாக நறுக்கித் தந்தார்.

நவம்பர் 18, சனி – கசுமி, அமாருபே

கடல் சாம்பல் நிறத்தில் பொங்கிக்கொண்டிருந்தது. துறைமுகத்தில் படகுகள் கட்டிக் கிடந்தன. வெயில், மழை, ஆலங்கட்டி மூன்றும் ஒரு மணி நேரத்துக்குள் வந்துபோயின. கருவாட்டுக் கடையில் ஹதஹதா என்ற சின்ன மீன் ஐந்து கோத்தது 500 யென். கடை வாசலிலேயே சுட்டுக் கொடுத்தார்கள், முள்ளோடு தின்றேன்.

மேற்கே இரண்டு நிலையம் தள்ளி அமாருபே. பள்ளத்தாக்கின் மேலே 41 மீட்டர் உயரத்தில் ரயில் பாலம். 1912இல் கட்டிய இரும்புப் பாலம் 2010 வரை இருந்தது, இப்போது கான்கிரீட். பழைய இரும்புத் தூண்கள் சிலவற்றை விட்டுவைத்து மேலே நடந்து பார்க்க இடம் செய்திருக்கிறார்கள். கீழே, கருணையின் போதிசத்துவரான கானோனுக்கு ஒரு சிலை இருக்கிறது. 1986 டிசம்பரில் காற்று ஒரு காலி ரயிலையே பாலத்திலிருந்து தள்ளிவிட்டது. கீழே நண்டுத் தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டிருந்த ஐந்து பெண்களும் ரயிலின் நடத்துநரும் இறந்துபோனார்கள். அங்கே நின்றபோது அடித்த காற்றில் குடை பயன்படவில்லை.

பாலம் கட்டி நாற்பத்தேழு ஆண்டுகள் இந்த ஊருக்கு நிலையம் கிடையாது. ஊர்க்காரர்கள் தண்டவாளத்தின் மேலேயே பாலத்தைக் கடந்து, சுரங்கங்களுக்குள் நடந்து, அடுத்த நிலையத்துக்குப் போயிருக்கிறார்கள். 1959இல் நிலையம் வந்தபோது பள்ளிப் பிள்ளைகள்கூடக் கடற்கரைக் கல்லைச் சுமந்து மேலே ஏற்றினார்கள். அதற்கு முந்தைய ஆண்டுதான் இந்தக் கரையிலிருந்து போன பையன் ஒருவன் கியோட்டோவில் டோயே வாசலை மிதித்தான். நடிகனாகும் கனவோடு அவர் போகவில்லை, பிழைப்புக்குத்தான் போனார். இந்தக் கடலையும் காற்றையும் பார்த்தபின் அவர் அலுக்காமல் விழுந்து எழுந்தது எனக்குக் கொஞ்சம் புரிந்த மாதிரி இருக்கிறது.

நவம்பர் 19, ஞாயிறு – ஹிமேஜி, ஷோஷா மலை

கசுமியிலிருந்து ஒசாகா போகும் விரைவு ரயில் ஹிமேஜி வழியாகவே போகிறது. அதனால் இறங்கிக்கொண்டேன். ஷோஷா மலை மேல் எங்யோஜி கோயில். ‘தி லாஸ்ட் சாமுராய்’ பெரும்பாலும் நியூஸிலாந்தில் எடுத்தது, ஆனால் வாத்தானாபே கென்னின் பாத்திரத்துக்கும் டாம் குரூஸின் பாத்திரத்துக்கும் நடக்கும் கோயில் உரையாடல் இங்கே எடுத்தது. இலையுதிர்காலச் சிவப்பு உச்சத்தில் இருக்கும் ஞாயிற்றுக்கிழமை, ரோப்காருக்கே முக்கால் மணி நேர வரிசை. மேலே போனபின் வண்ணம் பூசாத மூன்று பெரிய மர மண்டபங்கள் ஒரு முற்றத்தைச் சூழ்ந்து நின்றன. மேல்மாடி வராந்தாவில் உட்கார்ந்து மூச்சு வாங்கினேன். முட்டி இரண்டும் வலித்தது. கருவாட்டு வாசனை இன்னும் பையை விட்டுப் போகவில்லை.

ஒரு இளம் ஜோடி போட்டோ எடுத்துத் தரச் சொன்னார்கள். படம் எடுத்த இடம் என்று தெரிந்தே வந்திருந்தார்கள். டாம் குரூஸ் இங்கே நின்றார், கென்-சான் அங்கே நின்றார் என்று அந்தப் பெண் சொன்னார். பேசாமல் பின்னால் வருவாரே, அவரைத் தெரியுமா என்று கேட்டேன். கணவர் யோசித்தார். அந்தப் பெண் போனில் தேடிப் படத்தைப் பார்த்ததும் சத்தமாகவே, “இவரா! பாட்டி வீட்டு டிவியில் எப்போதும் செத்துக்கொண்டிருப்பாரே!” என்றார். பக்கத்தில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சின்ன வயதில் அவரைக் கண்டு பயமாம். பெயர் மட்டும் தெரியாதாம்.

இறங்கும் வரிசையில் அவர்களுக்குப் பின்னால்தான் நின்றேன். அவர் தன் கணவருக்கு ஃபுகுமோட்டோ நடித்த படங்களின் பட்டியலை ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டிக்கொண்டே வந்தார். நடுநடுவே என்னைத் திரும்பிப் பார்த்து, “இது பார்த்தீர்களா? இது?” என்று கேட்டார். ரோப்கார் வந்து கதவு திறந்தபோது நாங்கள் இன்னும் 1973ஐத் தாண்டவில்லை.